நாற்பத்திரண்டாவது டிராக்

எங்கள் அத்தானை ஸ்டூடியோவில் யாரும் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. ஒன்றரை என்பார்கள். கொஞ்சம் மரியாதை தெரிந்தவர்கள் ஒன்றரையார் என்பார்கள். முழு இசையமைப்பாளர், அரை நடிகர், ஆக ஒன்றரை. ஒரு படத்துக்கு இசை போடக் கூப்பிட்டால் கூடவே கதாநாயகியின் சித்தப்பா, ஊமை வேலைக்காரன், மூன்றாவது காட்சியில் செத்துப்போகும் வாத்தியார் என்று ஏதாவது ஒரு வேஷத்தையும் அவர் தலையில் கட்டிவிடுவார்கள். அவரும் மாட்டேன் என்று சொன்னதில்லை. ஆர்மோனியத்தை மூடிவிட்டு மீசையை ஒட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார்.

அவர் என் அக்காவின் கணவர். நான் அதே ஸ்டூடியோவில் ஒலிப்பதிவுப் பிரிவில் வேலை பார்த்தேன். அவரைப் பற்றி எழுதச் சொல்லி இரண்டு மூன்று பேர் கேட்டார்கள். எந்த வருஷம் எந்தப் படம் என்ற பட்டியல் எல்லாம் அவர்களிடமே இருக்கிறது. என்னிடம் இருப்பது வேறு. பூசி மெழுகாமல் சொல்லிவிடுகிறேன்: அத்தான்மேல் எனக்குப் பாசமும் உண்டு, கோபமும் உண்டு. என்மேல் எனக்கு இருக்கிற கோபம் அதைவிடப் பெரிது.

அவர் சினிமாவுக்குள் நுழைந்த காலத்தில் பாட்டைத் தனியாகப் பதிவு செய்யும் வழக்கம் கிடையாது. நடிப்பவர் கேமரா முன்னால் நின்று வாய்விட்டுப் பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் அட்டைப் புதருக்குப் பின்னால் குனிந்து உட்கார்ந்து வாசிக்க வேண்டும். இசையமைப்பாளர் கையை ஆட்டித் தாளம் காட்டலாம் என்றால், நம்மவர்தான் வேஷம் போட்டுக்கொண்டு கேமரா முன்னால் நிற்கிறாரே. அதனால் கால் கட்டைவிரலால் தாளம் காட்டுவார். வயலின்காரர்கள் புதரின் ஓட்டை வழியாக அவர் கட்டைவிரலையே பார்த்துக்கொண்டு வாசிப்பார்கள்.

ஒரு படத்தில் அவர் பிணம். மகள் அவர் பக்கத்தில் உட்கார்ந்து அழுது பாடுகிறாள். பிணம் என்றாலும் இசை அவருடையதாயிற்றே. கண்ணை மூடிக்கொண்டு படுத்தபடி கட்டைவிரலால் வேலையைப் பார்த்தார். காலைப் போர்வையால் மூட வேண்டும் என்று எந்தப் புண்ணியவானுக்கும் தோன்றவில்லை. தியேட்டரில் அந்தக் காட்சி வந்தபோது ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. படம் ஒரு வாரம்கூடத் தாங்கவில்லை.

அன்று தியேட்டரில் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தது என் அக்கா. நான் அவள் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். இரண்டு வருஷம் கழித்து அவருக்காகச் சம்பந்தம் பேச ஆள் வந்தபோது, "அந்தப் பொணத்தையா கட்டிக்கச் சொல்றீங்க?" என்று கேட்டாள். கேட்டவள்தான் கட்டிக்கொண்டாள்.

அவர்கள் வீடு மாடியில் இரண்டு அறை. முன் அறையில் ஆர்மோனியம், உள் அறையில் அக்காவின் தையல் மிஷின். அக்கா அக்கம்பக்கத்துக்குத் துணி தைத்துக் கொடுப்பாள். நடுவில் இருந்த கதவு சரியாகச் சாத்தாது. அத்தான் முன் அறையில் ஒரு மெட்டைப் போட்டுக்கொண்டே இருப்பார். கொஞ்ச நேரத்தில் உள் அறையிலிருந்து அது மிஷின் சத்தத்தோடு சேர்ந்து திரும்பி வரும். அவருக்கு ஒரு கணக்கு உண்டு. மிஷினை மிதித்துக்கொண்டே, பல்லால் நூலைக் கடித்துக்கொண்டே, தடுமாறாமல் அக்கா பாடிவிட்டால் அந்த மெட்டு தேறிற்று. அவள் மிதி தப்பினால் மெட்டில் கோளாறு, மாற்றிவிடுவார்.

"உங்க மெட்டுக்கு நான் என்ன எடைக்கல்லா?" என்பாள் அக்கா.

"எடைக்கல்லு பாடாதேம்மா" என்பார் அவர். அந்த வயதில் இரண்டு பேரும் சந்தோஷமாகத்தான் இருந்தார்கள். அதையும் சொல்லத்தான் வேண்டும்.

பிறகு சினிமாவில் முறை மாறியது. பாடுபவர் வேறு, வாயசைப்பவர் வேறு என்று ஆயிற்று. டேப் வந்தது. அதோடு டிராக் என்ற ஒன்றும் வந்தது. பெரிய பாடகிக்கு நேரம் கிடைப்பது அரிது. அவர் வந்து பாடும் முன்பே பாட்டை வேறு யாராவது பாடிப் பதிவு செய்து வைப்பார்கள். அதைப் போட்டுக் கேட்டுப் பாடகி கற்றுக்கொள்வார், நடிகை வாயசைத்துப் பழகுவாள். அதுதான் டிராக். பாடகி வந்து பாடி முடித்ததும் டிராக்கின் ஆயுசு முடிந்தது. டேப் கிடைப்பது கஷ்டமாக இருந்த காலம் அது. அழித்துவிட்டு அதிலேயே வேறு ஒன்றைப் பதிவு செய்வோம்.

அத்தான் போட்ட பெண் பாட்டுக்கெல்லாம் டிராக் பாடியது அக்கா. டிராக்கை அழிக்கிற வேலை என்னுடையது.

அழிப்பது சின்ன வேலை. காந்தப் பெட்டியின் மேல் சுருளை வைத்து, ஸ்விட்சைப் போட்டு, கையால் இரண்டு சுற்றுச் சுற்றி எடுத்தால் தீர்ந்தது. பெட்டியின் மேல் சாக்பீஸால் 'காலி' என்று எழுதிக் காலி அலமாரியில் வைத்துவிட வேண்டும். அக்கா மொத்தம் நாற்பத்திரண்டு டிராக் பாடினாள். அதில் நாற்பத்தொன்றை என் கையால் அழித்திருக்கிறேன். அப்போதெல்லாம் பாத்திரம் கழுவி வைப்பதைப்போல வெறும் வேலையாகத்தான் அதைச் செய்தேன். இப்போது நினைத்தால் கை கூசுகிறது.

அக்கா வாய்விட்டுக் கேட்டது ஒரே ஒரு தடவை. மத்தியானச் சாப்பாடு முடிந்து மூன்று பேரும் உட்கார்ந்திருந்தோம்.

"என்னங்க, ஒண்ணே ஒண்ணை மட்டும் அழிக்காம விட்டு வைங்களேன். படத்துல வேணாம். அலமாரியில இருந்தாப் போதும். நானும் பாடியிருக்கேன்னு எனக்கே ஒரு சாட்சி வேணாமா?"

அத்தான் கை துடைத்துக்கொண்டே சொன்னார்: "அலமாரி எதுக்கு? அடுத்த படத்துல உன் குரல்தான். எழுதி வெச்சுக்கோ."

அக்கா என்னைப் பார்த்துக் கண்ணடித்தாள். அடுத்த படம் வந்தது, அதற்கடுத்ததும் வந்தது. அவள் அதை எங்கும் எழுதி வைக்கவில்லை. நான்தான் மனதில் எழுதி வைத்துக்கொண்டேன்.

அதன் பிறகு அத்தானுக்கு இறங்குமுகம். புதிதாக நான்கு பேர் வந்தார்கள். எட்டு மாதம் அவர் கையில் படமே இல்லை. முன் அறையில் உட்கார்ந்து ஆர்மோனியத்தின் தூசியைத் துடைத்துத் துடைத்து அது தேய்ந்துபோகும்போல ஆயிற்று. எட்டு மாதம் கழித்து ஒரு படம் வந்தது. அதில் அவருக்குத் தபால்காரர் வேஷமும் உண்டு. நாலு பாட்டு. அதில் ஒன்று, வெளியூர் போகும் கணவனுக்குப் பெட்டி அடுக்கிக்கொண்டே மனைவி பாடுவது. ஒவ்வொரு துணியாக மடித்து வைத்துப் பாடி, கடைசியில் 'சாத்தாமல் வைத்திருப்பேன் கதவு' என்று முடிப்பாள். பாட்டு அப்படியே இறங்கி வந்து அந்தக் கடைசிச் சொல்லில் உட்காரும். அத்தான் போட்டதிலேயே நல்ல மெட்டு அதுதான் என்பேன்.

அக்கா டிராக் பாடினாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பாடும் அறையில் அவள், இந்தப் பக்கம் ஒலிப்பதிவு மிஷினில் நான், என் பக்கத்தில் அத்தான். நாங்கள் பேச வேண்டுமானால் ஒரு பொத்தானை அமுக்கிப் பேசுவோம்; அது பாடும் அறை ஸ்பீக்கரில் கேட்கும். ஒரே மூச்சில் பாடி முடித்தாள்.

பாடகிக்கு உடம்பு சரியில்லாததால் அக்காவின் டிராக்கைப் போட்டே படப்பிடிப்பை முடித்தார்கள். தளத்தில் அந்தப் பாட்டு ஓடியபோது தச்சு வேலை செய்தவர்கள்கூடச் சுத்தியலைக் கீழே வைத்துவிட்டார்கள். நடிகை நடிக்கிறாளா நிஜமாகவே அழுகிறாளா என்று தெரியவில்லை. டைரக்டர் அத்தான் தோளைத் தட்டி, "ஒன்றரையாரே, இதே குரல் இருக்கட்டுமே" என்றார். அத்தான் தபால்காரர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு நகர்ந்துவிட்டார்.

பத்து நாள் கழித்துப் பாடகி வந்தார். ஹெட்போனை மாட்டிக்கொண்டு டிராக்கைக் கடைசிவரை கேட்டார். கழற்றி மேஜைமேல் வைத்தார். "யாருங்க இது?"

"எங்க வீட்டுலதான்" என்றார் அத்தான்.

"அவங்களே பாடிட்டாங்களே. நான் எதுக்கு?"

 அக்காவுக்காக நான் கேட்க நினைத்த வார்த்தையை அந்த அம்மாள் தானாகவே சொல்லிவிட்டார். அத்தான் ஒரு வார்த்தை 'சரி' என்றிருந்தால் போதும்.

அத்தான் பதறிப்போய் எழுந்து நின்றார். "ஐயையோ, அப்படிச் சொல்லாதீங்கம்மா. நீங்க பாடினாத்தான் இது பாட்டு. அது சும்மா டிராக்குங்க."

பயம். அதைத் தவிர வேறு காரணம் கிடையாது. பெரிய குரல் இல்லாத படத்தை யார் வாங்குவார்கள், வாங்காவிட்டால் அடுத்த படத்துக்கு யார் கூப்பிடுவார்கள் என்ற பயம். எட்டு மாதம் தூசி துடைத்தவருக்கு அந்தப் பயம் வரக்கூடாது என்று நான் சொல்லவில்லை. ஆனால் அன்று அவரைப் பார்க்க எனக்கு வயிறு எரிந்தது. பாடகி பாடினார். நன்றாகத்தான் பாடினார். போகும்போது என்னிடம், "அவங்க அந்தக் கடைசி வரியில மூச்சை எங்க எடுக்கறாங்கன்னே எனக்குப் புரியலை" என்று சொல்லிவிட்டுப் போனார்.

"டிராக்கை அழிச்சிடு மாப்ளே" என்றார் அத்தான்.

"சரி அத்தான்" என்றேன். அழிக்கவில்லை.

வீட்டுக்கு எடுத்துப்போக முடியாது. கேட்டில் பையைக் கவிழ்த்துப் பார்ப்பார்கள். பதிவான டேப் அலமாரியில் வைத்தால் எங்கள் தலைமை ரெக்கார்டிஸ்ட் வாரம் ஒருமுறை எண்ணிப் பார்த்துக் கண்டுபிடித்துவிடுவார். அதனால் ஒரு கெட்டிக்காரத்தனம் செய்தேன். பெட்டிமேல் 'காலி' என்று எழுதி, காலி அலமாரியில் அடித் தட்டில் எல்லாவற்றுக்கும் பின்னால் தள்ளி வைத்தேன். காலிப் பெட்டியை யார் திறந்து பார்க்கப் போகிறார்கள்? வேறு வழி கிடைத்ததும் எடுத்துக்கொள்ளலாம் என்று இருந்தேன். அதற்கு முன்னால் எடுத்துத் தீர இன்னும் முப்பது பெட்டி இருந்தது.

அந்த வாரமே அக்காவை ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். தொண்டையில் கட்டி. சாப்பிடும்போது வலிக்கிறது என்று அவள் இரண்டு மாதமாகச் சொல்லாமலே இருந்திருக்கிறாள். ஆபரேஷன் செய்தால் உயிர் பிழைக்கலாம், குரல் இருக்காது என்றார் டாக்டர். அத்தான் வராந்தாவில் சுவரைப் பார்த்து நின்றார். நான் உள்ளே போய்க் கட்டில் ஓரம் உட்கார்ந்தேன். எதையாவது கொடுக்க வேண்டும்போல இருந்தது, என்னிடம் இருந்தது அது ஒன்றுதான்.

"அக்கா, பெட்டி அடுக்குற பாட்டு இருக்குல்ல. நான் அழிக்கலை. பத்திரமா வெச்சிருக்கேன்."

அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நெஜமாவாடா?"

"சத்தியமா."

"அப்ப சரி. இனிமே இது போனாப் போகட்டும்" என்று தொண்டையைத் தொட்டுக் காட்டினாள். அவள் குரலை நான் நேரில் கேட்டது அன்றோடு சரி.

நான்கு நாள் ஆஸ்பத்திரியே கதி என்று கிடந்துவிட்டு ஸ்டூடியோவுக்குப் போனேன். நேராகக் காலி அலமாரிக்குப் போனேன். அடித் தட்டு வெறுமையாக இருந்தது. ஒரு புயல் படத்துக்காக, பின்னணிச் சத்தங்கள் தயாரிக்கும் எஃபெக்ட்ஸ் பிரிவுக்காரர்கள் காலி டேப் அத்தனையையும் அள்ளிக்கொண்டு போயிருந்தார்கள். ஓடினேன். என் கையெழுத்து இருந்த பெட்டியைக் கண்டுபிடித்தேன். 'காலி' என்பதை அடித்துவிட்டு 'மழை' என்று எழுதியிருந்தார்கள். மிஷினில் போட்டேன். சோவென்று மழை. அது மழைகூட இல்லை. தகரத் தட்டில் உலர்ந்த பட்டாணியை உருட்டி அந்தச் சத்தத்தை உண்டாக்குவார்கள். என் அக்காவின் மேல் பட்டாணியை உருட்டி வைத்திருந்தார்கள். ஒரு நிமிஷத்துக்கு மேல் கேட்க முடியவில்லை, நிறுத்திவிட்டேன்.

யாரைக் கோபிப்பது? காலி என்று எழுதியவன் நான். தொழில் தெரிந்தவன் செய்கிற வேலையா அது? டேப்பை ஒளித்து வைக்க இந்த உலகத்தில் இருந்ததிலேயே மோசமான இடத்தைத் தேடிப் பிடித்திருக்கிறேன்.

அக்கா அதன் பிறகு இரண்டு வருஷம் இருந்தாள். மிஷினை மிதித்தாள், துணி தைத்தாள், பேச வேண்டியதை ஒரு நோட்டில் எழுதிக் காட்டினாள். அத்தான் முன் அறையில் மெட்டுப் போடுவார். உள் அறையிலிருந்து மிஷின் சத்தம் மட்டும் வரும். அவர் நடுவில் நிறுத்திக் காத்திருப்பார், பிறகு தொடர்வார். மெட்டுகள் கெட்டுப்போயின. நான் போகும்போதெல்லாம் அக்கா நோட்டைத் திருப்பி என்னிடம் காட்டுவாள். 'எப்ப கேக்கலாம்?'

"கேட்ல ரொம்பக் கெடுபிடிக்கா. கொஞ்ச நாள் போகட்டும்" என்பேன்.

சரி என்று தலையாட்டுவாள். எத்தனை தடவை கேட்டாள், எத்தனை தடவை காது குத்தினேன் என்று கணக்கில்லை. ஒருநாள் அந்தக் கேள்வியைப் புதிதாக எழுதக்கூட இல்லை. பழைய பக்கத்தையே எடுத்துக் காட்டினாள். உண்மையைச் சொல்லும் துணிச்சல் எனக்கு வரவில்லை. அவள் போய்விட்டாள்.

மூன்று வாரம் கழித்து ஒரு மத்தியானம் அத்தான் ஒலிப்பதிவு அறைக்கு வந்தார். கையில் அந்த நோட்டு. கடைசிப் பக்கத்தை என் முன்னால் விரித்து வைத்தார். 'தம்பிகிட்ட என் பாட்டு ஒண்ணு இருக்கு. நான் போனப்புறமாவது போட்டுக் கேளுங்க.'

"போடு மாப்ளே" என்றார்.

"அத்தான், அதுல பாட்டு இல்லை." எல்லாவற்றையும் சொன்னேன். அழுதுகொண்டே சொன்னேன். "மழைதான் இருக்கு."

"மழையையே போடு."

அந்தப் பெட்டியை நான் யாரையும் தொட விடாமல் என் மேஜைக்கு அடியிலேயே வைத்திருந்தேன். எடுத்துப் போட்டேன். பட்டாணி உருண்டது. அத்தான் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து, ஒரு பாட்டைக் கேட்பதுபோலவே கேட்டார். ஒரு நிமிஷம், இரண்டு நிமிஷம், மூன்று நிமிஷம். நிறுத்தக் கையை நீட்டினேன். அவர் என் கையைத் தட்டிவிட்டார். மழைக்கு அடியில் பாட்டு எந்த இடத்தில் போய்க்கொண்டிருக்கும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது; செருப்புக்குள் கட்டைவிரல் அசைந்துகொண்டிருந்தது.

திடீரென்று மழை நின்றது. பாட்டைவிட மழை கொஞ்சம் சின்னது. எஃபெக்ட்ஸ்காரர்கள் தங்களுக்கு வேண்டியது ஆனதும் நிறுத்திவிட்டார்கள். மிச்சமிருந்த டேப்பில் அக்கா இருந்தாள்.

"...வைத்திருப்பேன் கதவு." பாட்டு இறங்கி உட்கார்ந்தது. ஒரு மூச்சு. பிறகு பாட்டுக் குரல் இல்லாமல் வீட்டுக் குரலில், கொஞ்சம் கூச்சத்தோடு கேட்டாள்: "சரியா வந்துதாங்க?"

ஒரு விநாடி இடைவெளி. பாடும் அறை ஸ்பீக்கரிலிருந்து மைக்கில் விழுந்த அத்தானின் குரல்: "போதும் போதும், டிராக்தானே."

அதோடு டேப் முடிந்து சுருள் வெறுமனே சுற்றியது. மொத்தம் பதினோரு விநாடி. அன்று பதிவின்போது நானும் அங்கேதான் இருந்தேன். அவர் அப்படிச் சொன்னதே என் காதில் ஏறியிருக்கவில்லை. தினமும் சொல்கிற வார்த்தைதானே.

அத்தான் வெறுமனே சுற்றிய சுருளைக் கையால் நிறுத்தினார். பிறகு கேட்டார். "அந்தக் கடைசியில என் குரலை மட்டும் எடுத்துட முடியுமா மாப்ளே?"

"முடியாது அத்தான். ரெண்டும் ஒட்டிக்கிட்டு இருக்கு."

பொய். நடுவில் முழுசாக ஒரு விநாடி இடைவெளி இருக்கிறது. பிளேடால் ஒரு வெட்டு வெட்டினால் தீர்ந்தது. தினமும் பத்து வெட்டு வெட்டுகிறவன் நான். முடியாது என்று சொன்னபோது எனக்குள் ஒரு திருப்திகூட இருந்தது. அனுபவிக்கட்டும் என்று நினைத்தேன். நாற்பத்தொன்றை அழித்தவன், நாற்பத்திரண்டாவதைப் பறிகொடுத்தவன், இரண்டு வருஷம் பொய் சொன்னவன், அவருக்குத் தண்டனை கொடுக்கக் கிளம்பிவிட்டேன்.

அதன் பிறகு அவர் இசையும் அமைக்கவில்லை, நடிக்கவும் இல்லை. மாதம் ஒருமுறை மத்தியானத்தில் வருவார். ஆரம்பத்திலிருந்து போடச் சொல்வார். மழை முழுவதும் கேட்பார். அக்கா "சரியா வந்துதாங்க?" என்று கேட்டதும், அந்த ஒரு விநாடிக்குள், தன் பழைய குரல் வந்து விழுவதற்குள், "நல்லா வந்துதும்மா" என்று சொல்லிவிடுவார். தாளம் தப்பாத மனுஷன், ஒருமுறைகூடப் பிந்தியதில்லை. ஆனாலும் அவர் சொல்லி முடித்ததும் அந்த இன்னொரு பதில் வரத்தான் செய்யும். அதையும் தலைகுனிந்து கேட்டுவிட்டு எழுந்து போவார். பதினாலு மாதம் இப்படி வந்தார். பதினாலு தடவையும் பிளேடு என் மேஜைமேல்தான் இருந்தது.

பதினைந்தாவது மாதம் அவர் வரவில்லை. நான்தான் போனேன். முன் அறையில் அவரைக் கிடத்தியிருந்தார்கள். வந்தவர்கள் எல்லோரும் முகத்தைப் பார்த்தார்கள். நான் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

மறுநாள் வேலைக்குப் போனதும் டேப்பை எடுத்து அவர் கேட்ட இடத்தில் வெட்டினேன். அரை நிமிஷ வேலை. இப்போது போட்டால் மழை பெய்து ஓய்கிறது, அக்கா சரியாக வந்ததா என்று கேட்கிறாள், அதற்குப் பிறகு ஒரு சத்தமும் இல்லை. அந்த ஒரு விநாடியில் என்னால் வாயைத் திறக்க முடியவில்லை.